எலிஷா குக்கின் மரணங்கள்

மழை ஓய்ந்த தெரு. தெரு என்றுகூடச் சொல்ல முடியாது, குதிரைகளும் வண்டிகளும் மிதித்துக் குழப்பிய சேறு. அந்தச் சேற்றில் ஒரு சின்ன மனிதர், வழுக்கி விழுந்துவிடாமல் பார்த்துப் பார்த்துக் காலை எடுத்து வைத்து மதுக்கடையை நோக்கி வருகிறார். கடைக்கு முன்னால் மரப்பலகை போட்ட நடைபாதை. அதன்மேல் கறுப்புத் தொப்பி அணிந்த நெட்டையான ஒருவன் நிற்கிறான். இவர் சேற்றில் நடக்க நடக்க, அவன் பலகைமேல் அவருக்கு இணையாக நடக்கிறான். அவனுக்கு அவசரமே இல்லை. நடந்துகொண்டே கையுறையை எடுத்து வலது கையில் மாட்டிக்கொள்கிறான்.

1953-இல் வந்த 'ஷேன்' படத்தின் காட்சி இது. மேலே நிற்பவன் கூலிக் கொலைகாரன் வில்சன். அவனாக நடித்தவர் ஜாக் பாலன்ஸ். கீழே சேற்றில் நிற்பவர், எலிஷா குக் ஜூனியர் நடித்த டோரி என்கிற குடியானவர். அமெரிக்க உள்நாட்டுப் போரில் தோற்ற தென்மாநிலத்துக்காரர். அந்தப் பெருமையை இன்னும் விடாதவர், சட்டென்று சூடாகிவிடுகிற ஆள். வில்சன் வேண்டுமென்றே தென்மாநிலத் தளபதிகளைக் குப்பை என்கிறான், நீயும் அதே குப்பைதான் என்கிறான். டோரிக்குப் பொறுக்கவில்லை, பதிலுக்குத் திட்டிவிட்டுத் துப்பாக்கியை உருவுகிறார். பாதிகூட உயர்த்தியிருக்க மாட்டார். வில்சனின் துப்பாக்கி அதற்குள் அவரைக் குறி பார்த்து நிற்கிறது.

அப்புறம் ஒரு நொடி எதுவுமே நடப்பதில்லை.

அந்த ஒரு நொடியை எத்தனை முறை திருப்பிப் போட்டுப் பார்த்திருக்கிறேன் என்று எனக்கே கணக்கில்லை. வில்சன் சுடவில்லை. டோரியும் சுடவில்லை. டோரியின் முகம் மட்டும் மாறுகிறது. இவ்வளவு நேரம் இருந்த கோபம் வடிந்து, தான் எங்கே வந்து நிற்கிறோம் என்பது அப்போதுதான் அந்த முகத்துக்குப் புரிகிறது. துப்பாக்கியைக் கீழே போட்டுவிடலாமா என்று ஒரு எண்ணம் வந்து, வந்த வேகத்தில் போவதுகூடத் தெரிகிறது. பிறகுதான் வெடி. பின்னால் தூக்கி எறியப்பட்டுச் சேற்றில் மல்லாந்து விழுகிறார்.

இந்தப் படத்தை எடுத்த ஜார்ஜ் ஸ்டீவன்ஸ் இரண்டாம் உலகப் போரில் அமெரிக்க ராணுவத்தின் படப்பிடிப்புக் குழுவோடு போனவர். டாக்காவ் வதைமுகாமைக் கேமராவில் பதிவு செய்து திரும்பியவர். ஒரு துப்பாக்கிக் குண்டு ஒரு உடலை என்ன செய்யும் என்பதை 'வெஸ்டர்ன்' எனப்படும் கௌபாய் படங்கள் மறைத்தே காட்டிக்கொண்டிருந்தது அவருக்குப் பிடிக்கவில்லை. நடிகரின் உடம்பில் வார் கட்டி, அதில் கம்பி மாட்டி, வெடிக்கும் நேரத்தில் பின்னாலிருந்து இழுக்கச் சொன்னார். வழக்கமான துப்பாக்கிச் சத்தம் போதாதென்று பெரிய வெடிச் சத்தம் ஒன்றைப் பதிவு செய்து சேர்த்தார். பின்னாளில் திரையில் வன்முறைக்குப் பேர்போன இயக்குநரான சாம் பெக்கின்பா, பாலன்ஸ் குக்கைச் சுட்ட அந்த நாளிலிருந்துதான் எல்லாம் மாறத் தொடங்கியது என்று சொல்லியிருக்கிறார். கம்பியும் சத்தமும் அந்தக் காட்சிக்கு எவ்வளவோ செய்திருக்கின்றன, சரி. ஆனால் அதற்கு முந்தைய ஒரு நொடியை எந்தக் கம்பியாலும் இழுத்துக் கொண்டுவர முடியாது. அது எலிஷா குக் ஜூனியர் தன் முகத்தால் செய்தது.

கல்லூரி விடுதியில் நண்பன் கொடுத்த வட்டில் 'ஷேன்' பார்த்தபோது இந்தப் பெயர் எனக்குத் தெரியாது. சில மாதம் கழித்து ஹம்ஃப்ரி போகார்ட் படம் ஒன்றில் அதே முகம். 'இவரை எங்கேயோ பார்த்திருக்கிறேனே' என்று நிமிர்ந்து உட்கார்ந்தேன். அதற்குப் பிறகு ஒரு பேய்ப் படம், ஒரு கொள்ளைப் படம், ஒரு விண்வெளித் தொடர் என்று எங்கே திரும்பினாலும் இவர். அகலமான நெற்றி, பெரிய கண்கள், எதையோ சொல்ல வந்து நிறுத்திக்கொண்ட மாதிரி வாய். குணச்சித்திர நடிகர்களை நாம் இப்படித்தான் கண்டுபிடிக்கிறோம், முகம் முதலில் வருகிறது, பெயர் எவ்வளவோ நாள் கழித்து.

1903 டிசம்பர் 26 அன்று சான் பிரான்சிஸ்கோவில் பிறந்தார், வளர்ந்தது சிகாகோவில். பதின்ம வயதிலேயே மேடை ஏறிவிட்டார். ஊர் ஊராகப் போகும் கதம்ப நிகழ்ச்சிக் குழுக்கள், நாடகக் கம்பெனிகள் என்று அலைந்து நியூயார்க்கின் பிராட்வே வந்து சேர்ந்தார். 1933-இல் பெரிய வாய்ப்பு வந்தது. சோக நாடகங்களுக்குப் பேர்போன யூஜின் ஓ'நீல் அபூர்வமாக ஒரு நகைச்சுவை நாடகம் எழுதியிருந்தார், 'ஆ, வில்டர்னெஸ்!' என்று. அதில் கவிதை படித்துக் காதலில் உருகும் பள்ளிப் பையன் ரிச்சர்டாக குக் நடித்தார். அப்பாவாக நடித்தவர் அந்தக் காலத்து மேடை நட்சத்திரம் ஜார்ஜ் எம். கோஹன். ரிச்சர்டுக்குப் பதினேழு வயது நெருங்குகிறது, நடித்த குக்குக்கு 29 வயது.

இந்த வயதுக் கணக்கைச் சொல்லக் காரணம் இருக்கிறது. குக்கின் உடல்வாகு அப்படி. ஆள் உயரமில்லை, முகத்தில் பிள்ளைத்தனம் போகவே இல்லை. 1936 வாக்கில் ஹாலிவுட் போனபோது முதலில் கிடைத்ததெல்லாம் கல்லூரி மாணவன் வேடங்கள். முப்பது தாண்டிய மனிதரை எல்லோரும் 'பையா' என்றுதான் கூப்பிட்டார்கள். ஒருவரை வாழ்நாள் முழுக்கப் பையன் என்றே கூப்பிட்டால் உள்ளே என்ன சேரும்? அது என்னவென்று அவருக்குத் தெரிந்திருந்தது என்றுதான் நினைக்கிறேன். 1941-இல் வந்த ஒரு படத்தில் அது அத்தனையும் வெளியே வந்தது.

'தி மால்டீஸ் ஃபால்கன்'. ஜான் ஹூஸ்டன் இயக்கிய முதல் படம். போகார்ட்டைப் பெரிய நட்சத்திரமாக்கிய படங்களில் ஒன்று. கறுப்புப் பறவைச் சிலை ஒன்றைத் தேடும் கூட்டம். அதன் தலைவன் கட்மன், சிட்னி கிரீன்ஸ்ட்ரீட் நடித்த பெருத்த உடம்புக்காரன். அவனுடைய அடியாள் வில்மர்தான் குக். உடம்புக்குப் பொருந்தாத பெரிய மேல்கோட்டு, அதன் இரண்டு பைகளிலும் துப்பாக்கி, வாயில் மிரட்டல். துப்பறிவாளன் ஸ்பேடாக வரும் போகார்ட் அவனைக் கண்ட இடத்திலெல்லாம் சீண்டுகிறான். ஓட்டல் நடையில் போகும்போது பின்னாலிருந்து அந்தக் கோட்டை முழங்கைவரை இழுத்துவிட, வில்மரின் கைகள் துணியிலேயே கட்டுண்டு போகின்றன. ஸ்பேட் துப்பாக்கிகளை உருவிக்கொண்டு போய் முதலாளியிடமே கொடுக்கிறான்.

பார்க்கிறவர்கள் சிரிக்கிற இடம் அது. நானும் முதலில் சிரித்தேன். இரண்டாம் முறை பார்க்கும்போது குக்கை மட்டும் பார்த்தேன், சிரிப்பு வரவில்லை. அவமானத்தை முகத்தில் காட்டக்கூடாது என்று வில்மர் படும் பாடு அவ்வளவு தத்ரூபமாக இருக்கிறது. பின்னால் ஒரு இடத்தில், எழுந்து நின்று என்னோடு சுட்டுப் பார் என்று ஸ்பேடிடம் சவால் விடும்போது அவன் கண் கலங்கியிருக்கும். கொலைகாரன்தான், இரக்கப்பட வேண்டிய அவசியமே இல்லை. ஆனாலும் முன்னால் நிற்பது எல்லோரும் சேர்ந்து கேலி செய்து அழவைத்த ஒரு ஆள்.

கடைசியில் போலீசுக்கு யாரையாவது பலி கொடுத்தாக வேண்டும் என்று பேச்சு வருகிறது. வில்மரைக் கொடுத்துவிடலாம் என்று கட்மனே ஒத்துக்கொள்கிறான், மகன் மாதிரி என்று சொல்லிக்கொண்டே. அடிபட்டு மயங்கிச் சோபாவில் கிடக்கும் வில்மர் கண் விழிக்கிறான். சுற்றிலும் எல்லா முகங்களும் தன்னையே பார்ப்பதைப் பார்க்கிறான். ஒருவரும் ஒன்றும் சொல்வதில்லை. ஒவ்வொரு முகமாகப் போய்வரும் கேமரா, திரும்ப குக்கிடம் வரும்போது அவனுக்கு எல்லாம் தெரிந்துவிட்டது. அந்தப் படத்தில் வசனத்துக்குப் பஞ்சமே இல்லை, பேசிக்கொண்டே இருப்பார்கள். எனக்கு மனதில் நிற்பது இந்தப் பேச்சில்லாத இடம்தான்.

இதில் ஒரு சொல்லின் கதையும் உண்டு. மூலக்கதை எழுதிய டாஷியல் ஹேமட், வில்மரைக் குறிக்க 'கன்ஸெல்' என்ற கொச்சைச் சொல்லைப் போட்டிருந்தார். ஒரு ஆள் தன் இச்சைக்கு வைத்திருக்கும் பையன் என்பது அதன் பொருள். பதிப்பாளர்களுக்கும் தணிக்கைக்காரர்களுக்கும் அது பிடிபடவில்லை. துப்பாக்கியைக் குறிக்கும் 'கன்' அதில் ஒளிந்திருக்கிறது, திரையில் துப்பாக்கியோடு ஒரு பையனும் நிற்கிறான். துப்பாக்கி ஏந்திய அடியாள் என்ற புதுப் பொருள் அந்தச் சொல்லுக்கு ஒட்டிக்கொண்டது. அப்படி ஒட்டியதில் குக்கின் முகத்துக்கும் பங்கு உண்டு.

1940-களின் இருட்டான குற்றப் படங்களை ஃபிலிம் நுவார் என்கிறோம். அந்த வகையின் முதல் படம் என்று பலரும் சொல்வது 1940-இல் வந்த 'ஸ்ட்ரேஞ்சர் ஆன் த தேர்ட் ஃப்ளோர்'. செய்யாத கொலைக்குத் தண்டனை பெற்று, நீதிமன்றத்தில் நான் செய்யவில்லை என்று கதறும் இளைஞனாக அதிலும் குக் இருக்கிறார். 1944-இன் 'ஃபேன்டம் லேடி'யில் டிரம்ஸ் வாசிப்பவர். நள்ளிரவில் ஒரு நிலவறையில் ஜாஸ் கும்பல் வாசிக்க, எதிரே நிற்கும் பெண்ணைப் பார்த்துக்கொண்டே வெறி ஏற ஏறக் கொட்டுவார். தணிக்கை அவ்வளவு கெடுபிடியாக இருந்த காலத்தில் அந்தக் காட்சி எப்படித் தப்பியது என்று இன்றைக்கும் ஆச்சரியப்படுகிறார்கள். அதிலும் சாகிறார், கழுத்து நெரிபட்டு. இடையில் 1942-இல் ராணுவத்தில் சேர்ந்து திரும்பியிருந்தார்.

அவர் நடித்ததில் எனக்கு மிகவும் பிடித்தது 1946-இல் வந்த 'தி பிக் ஸ்லீப்'. ஹோவர்ட் ஹாக்ஸ் இயக்கிய அந்தப் படத்தின் கதையைப் புரிந்துகொள்ளவே முடியாது என்பது பிரசித்தம். யார் யாரைக் கொன்றார்கள் என்று கேட்டால் எனக்கும் முழுசாகச் சொல்ல வராது. ஆனால் ஹாரி ஜோன்ஸ் புரியும். படம் பாதிக்கு மேல் போன பிறகு வருகிறான், கொஞ்ச நேரமே இருக்கிறான். துப்பறிவாளன் மார்லோவுக்கு, மறுபடியும் போகார்ட்தான், 200 டாலருக்கு ஒரு தகவல் விற்க வந்தவன். ஆக்னஸ் என்ற பெண்ணைக் கல்யாணம் செய்துகொள்ளப் போவதாகச் சொல்கிறான். அவள் உனக்கு அதிகமாயிற்றே என்கிற மாதிரி மார்லோ ஏதோ சொல்லிவிடுகிறான். அது அசிங்கமான பேச்சு என்று ஹாரி முகத்துக்கு நேரே சொல்கிறான். குரல் உயரவில்லை. யாருக்கும் இறங்கிப் போகாத மார்லோ, நீ சொன்னது சரிதான் என்று ஒத்துக்கொள்கிறான். போகார்ட்டை அப்படி ஒத்துக்கொள்ள வைக்கிற கௌரவம் அந்தச் சின்ன உடம்பில் எங்கிருந்து வந்ததோ தெரியவில்லை.

அன்று இரவு பணத்தோடு மார்லோ ஹாரியின் அலுவலகத்துக்குப் போகிறான். உள்ளே பேச்சுக் குரல். மார்லோ பக்கத்து அறை இருட்டில் நின்று கேட்கிறான். உள்ளே இருப்பவன் கேனினோ என்ற கொலைகாரன். ஆக்னஸ் எங்கே என்று கேட்கிறான். ஹாரி முதலில் மழுப்பிப் பார்க்கிறான். துப்பாக்கி வந்ததும் ஒரு முகவரியைச் சொல்லிவிடுகிறான். சரி, பகை எதுவும் இல்லை, ஒரு வாய் குடித்துவிட்டுப் போகலாம் என்று கேனினோ ஊற்றிக் கொடுக்கிறான். ஹாரி வாங்குகிறான். சிரிக்கிறான், சிரிப்பு என்றும் சொல்ல முடியாது, நடுங்கும் தொண்டையிலிருந்து வரும் ஒரு சத்தம் அது. குடிக்கிறான். அவ்வளவுதான், சரிந்து போகிறான். விஷம்.

மார்லோ உள்ளே வந்து, ஆக்னஸைத் தேடி விசாரிக்கும்போதுதான் தெரிகிறது, ஹாரி சொன்ன முகவரியில் அவள் இல்லை. உயிர்போகும் பயத்தில் பேச்சுக் குழற, கை நடுங்கச் சொன்ன அந்த முகவரி பொய். பயந்தது நிஜம், காட்டிக்கொடுக்காததும் நிஜம். குக் இரண்டையும் ஒரே மூச்சில் நடித்திருக்கிறார். முதல்முறை பார்க்கும்போது பயம் மட்டும்தான் தெரியும், அவன் பொய் சொல்கிறான் என்பதற்கு ஒரு சின்னத் தடயம்கூட இருக்காது. தெரிந்த பிறகு திரும்பிப் பார்த்தால் அந்தப் பயத்துக்குள்ளேயே ஒரு பிடிவாதம் இருப்பது தெரியும். ஆக்னஸோ காசை வாங்கிக்கொண்டு தன் தலைவிதியை நொந்துகொண்டு போய்விடுகிறாள், ஹாரிக்காக அவள் அழவில்லை. நான் ஒவ்வொரு முறையும் அழுதிருக்கிறேன்.

எலிஷா குக்கைப் பற்றி எழுதுகிறவர்கள் எளிதில் ஏமாறுகிறவர், தோற்கப் பிறந்தவர், அடிவாங்கி என்று ஒரு வரியில் முடித்துவிடுகிறார்கள். அது எனக்குச் சம்மதமில்லை. அவர் நடித்த ஆட்களுக்குத் தாங்கள் சின்ன ஆட்கள் என்பதே தெரியாது. வில்மர் தன்னைப் பெரிய துப்பாக்கிக்காரன் என்று நம்புகிறான். டோரிக்குத் தான் தோற்ற படையின் கடைசி வீரன் என்ற நினைப்பு. ஹாரி ஒரு பெண்ணின் வருங்காலக் கணவன். அவர்களைச் சின்னவர்கள் என்று முடிவு செய்தது மற்றவர்கள்தான், குக் ஒருநாளும் அந்தக் கட்சியில் சேரவில்லை.

1956-இன் 'தி கில்லிங்'கும் அப்படித்தான். அப்போது முப்பதுகூட ஆகாத ஸ்டான்லி குப்ரிக் எடுத்த கொள்ளைப் படம். குதிரைப் பந்தய மைதானத்தில் பந்தயப் பணத்தை அடிக்கத் திட்டம். மைதானத்தில் காசாளராக வேலை பார்க்கும் ஜார்ஜ் பீட்டியாக குக். வீட்டில் மனைவி ஷெரி, நடித்தவர் மேரி வின்ட்சர். கணவனைவிட வாட்டசாட்டமானவள். வாயைத் திறந்தால் கிண்டல். அவள் ஒருமுறையாவது தன்னை மதித்துப் பார்க்கவேண்டும் என்பதற்காகவே ஜார்ஜ் கொள்ளை விஷயத்தைக் கோடி காட்டிவிடுகிறார். அவள் அதைக் காதலனிடம் சொல்ல, எல்லாம் பாழாகிறது. கடைசியில் உடம்பெல்லாம் குண்டு பாய்ந்து, முகமெல்லாம் ரத்தமாக வீடு வந்து சேர்கிறார். அவள் பெட்டி கட்டிக்கொண்டிருக்கிறாள். இப்போதும் ஏளனம்தான். சுடுகிறார். பிறகு கூண்டுக்கிளியை இழுத்துத் தள்ளிக்கொண்டு தானும் விழுகிறார். மனைவியைக் கொன்றவர்மேல் பரிதாபம் வரக்கூடாதுதான். ஆனால் முதல் காட்சியில் வேலை முடிந்து வீட்டுக்கு வந்து அவளிடம் ஒரு நல்ல வார்த்தைக்காக அவர் காத்து நின்றது நினைவில் இருப்பதால், மனம் எந்தப் பக்கமும் முழுசாகப் போகமாட்டேன் என்கிறது.

மற்றவற்றை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 1952-இல் மர்லின் மன்றோ நடித்த 'டோன்ட் பாதர் டு நாக்' படத்தில் அவளுடைய சித்தப்பா முறைக்காரர், ஓட்டலில் லிஃப்ட் இயக்குபவர். 1959-இல் 'ஹவுஸ் ஆன் ஹான்டட் ஹில்' பேய்ப் படத்தில் குடித்துக்கொண்டே எல்லோரையும் பயமுறுத்தும் வீட்டுக்காரர். 1968-இன் 'ரோஸ்மேரிஸ் பேபி' தொடக்கத்தில் அந்த இளம் தம்பதிக்கு வீட்டைச் சுற்றிக் காட்டுகிறவரும் இவர்தான். 1967-இல் 'ஸ்டார் ட்ரெக்' தொடரில் ஒரு வக்கீலாக வந்தார். எல்லாமே கணினியில் கிடைக்கிற எதிர்காலத்தில், அறை நிறையக் காகிதப் புத்தகங்களை அடுக்கிவைத்து அதில்தான் சட்டம் இருக்கிறது என்று வாதாடுகிற வக்கீல். அதில் அவர் சாகவில்லை, ஜெயிக்கிறார். எண்பது வயதை ஒட்டி 'மேக்னம், பி.ஐ.' தொடரில் ஐஸ் பிக் என்ற வயதான நிழலுலக ஆளாக வந்தபோது புதுத் தலைமுறை ஒன்று அவரைக் கண்டுபிடித்தது.

எனக்குச் சந்தோஷம் தருவது அவர் வாழ்ந்த விதம். திரையில் பெரும்பாலும் ஓட்டல் அறை, சந்து, பின்வாசல் என்று மூச்சுமுட்டும் இடங்களிலேயே சுற்றியவர், வேலை இல்லாத நாட்களில் கலிஃபோர்னியாவின் சியரா நெவாடா மலையில் இருந்தார். ஜான் ஹூஸ்டன் தன் வாழ்க்கை வரலாற்றில் எழுதியிருக்கிறார், குக் அங்கே தனியாக இருந்துகொண்டு பொன்னிற ட்ரவுட் மீன் பிடித்துக்கொண்டிருப்பார், படத்துக்கு ஆள் வேண்டுமென்றால் மலைக்கு ஆள் அனுப்பிச் சொல்லவேண்டும், இறங்கி வந்து நடித்துக் கொடுத்துவிட்டுத் திரும்ப ஏறிவிடுவார் என்று. அந்த மீன் சியராவின் உச்சியில் பிறக்கும் கெர்ன் ஆற்றுப் பக்கத்து ஓடைகளுக்கே உரியது. வயிற்றில் சிவப்பும் விலாவில் பொன்னிறமுமாக இருக்கும், இன்று கலிஃபோர்னியாவின் மாநில மீன் அதுதான். குக் தூண்டில் முள்ளில் இறகையும் நூலையும் சுற்றிப் பூச்சி மாதிரி தானே கட்டி அதைப் பிடிப்பார். நுணுக்கமான வேலை. கை நடுங்கினால் முடிச்சு விழாது.

திரையில் அந்தக் கை நடுங்காத படம் அபூர்வம்.

போகார்ட் 1957-இல் போய்விட்டார். கிரீன்ஸ்ட்ரீட் அதற்கு முன்பே, 1954-இல். அதே படத்தில் நடித்த பீட்டர் லோரி 1964. அதன் கதாநாயகி மேரி ஆஸ்டரும் இயக்குநர் ஹூஸ்டனும் 1987. பறவைச் சிலையைத் தேடிய அந்தக் கூட்டத்தில் முக்கியமானவர்கள் எல்லோரும் போன பிறகு, அவர்கள் போலீசுக்குப் பலிகொடுக்க நினைத்த பையன் மட்டும் மிச்சம் இருந்தான். 1982-இல் விம் வெண்டர்ஸ் எடுத்த 'ஹேமட்' படத்தில், வில்மரை எழுதிய ஹேமட்டே கதாநாயகன். அதில் சான் பிரான்சிஸ்கோ டாக்ஸி ஓட்டுநராக, தான் பிறந்த ஊரில் நடக்கும் கதையில், குக் வருகிறார்.

1995 மே 18 அன்று, சியராவின் கிழக்கு அடிவாரத்தில் உள்ள பிக் பைன் என்ற சிற்றூரில் பக்கவாதத்தால் இறந்தார். 91 வயது. மலையை விட்டு அவர் தூரம் போகவில்லை. அந்த ஊரிலிருந்து மேற்கே நிமிர்ந்தால் பனி மூடிய சிகரங்களும், அவற்றின் மடியில் ஏரிகளும் ஓடைகளும். மே மாதம் என்றால் அங்கே உயரத்தில் இன்னும் பனி உருகி முடித்திருக்காது. ட்ரவுட் பிடிக்க மேலே ஏறுகிறவர்கள் ஜூன் கடைசிவரை காத்திருக்க வேண்டும்.